பதினெட்டாம் எண்

ஆட்டத்துக்குப் பதினொரு நாள் இருக்கும்போது லொரெட்டா பவானுக்குச் செய்தி வந்தது. அப்போது அவள் கரும்பு ரயிலின் எஞ்சினில் உட்கார்ந்திருந்தாள். அரவைக் காலம் தொடங்கி இரண்டு வாரம் ஆகியிருந்தது. நூற்றுக்கும் மேற்பட்ட பெட்டிகளில் கரும்பை இழுத்துக்கொண்டு வந்தவள், ஆலைக்குப் போகும் பாதை காலியாகட்டும் என்று கிளைத்தடத்தில் வண்டியை நிறுத்தியிருந்தாள். போனில் வந்தவள் குவீன்ஸ்லாந்து பெண்கள் ரக்பி லீக் அணியின் பயிற்சியாளர் க்வென் ஹார்ட்டிகன்.

"லொரி, உன்னை அணியில சேர்த்திருக்கேன்," என்றாள் க்வென்.

லொரெட்டாவின் நெஞ்சு ஒரு துள்ளு துள்ளியது. க்வென் அதை நீளவிடவில்லை.

"பதினெட்டாவது ஆளா."

பதினெட்டாவது ஆள் என்றால் முகாமில் தங்கலாம், எல்லோரோடும் பயிற்சி செய்யலாம், கருஞ்சிவப்புச் சட்டையைப் போட்டுக்கொண்டு மைதானத்தின் ஓரத்தில் நிற்கலாம். பதினேழு பேரில் ஒருத்தி ஆட்டத்துக்கு முன்னால் விழுந்தால் மட்டுமே உள்ளே போகலாம். ஒன்பதாம் எண் யாருக்கு என்று லொரெட்டா கேட்கவில்லை, க்வெனும் சொல்லவில்லை. இரண்டு பேருக்கும் தெரிந்த விஷயம். ஒன்பது டெல்லாவுக்கு. லொரெட்டாவின் அண்ணன் ரென்ஸோவின் மனைவிக்கு. வயதில் நான்கு வருடம் இளையவள் என்றாலும் முறையில் அண்ணி.

நன்றி சொல்லிப் போனை வைத்தாள். பாதை காலி என்று ரேடியோவில் இரண்டு முறை சொன்னார்கள். மூன்றாவது முறை அதட்டிச் சொன்ன பிறகுதான் அவள் கை பிரேக்கைத் தளர்த்தியது.

ஒன்பது என்பது அணியின் கை. எதிராளிகள் ஒருத்தியைப் பிடித்துக் கீழே தள்ளியதும் அவளுக்குப் பின்னால் கிடக்கும் பந்தை எடுத்து, அது யாரிடம் போக வேண்டும் என்று தீர்மானிப்பவள் ஒன்பதுதான். ஒவ்வொரு முறையும் பந்து முதலில் அவள் கைக்குத்தான் வரும். மாநிலத்துக்காக ஒன்பது ஆட்டத்தில் அந்தச் சட்டையைப் போட்டவள் லொரெட்டா. போன வருடம் அது டெல்லாவிடம் போனது. அதற்கு முன்பே சொந்த ஊரான ஏரின் கிளப் அணியிலும் அது போய்விட்டிருந்தது.

டெல்லாவை வீட்டுக்குக் கூட்டிவந்ததே லொரெட்டாதான். ஆறு வருடத்துக்கு முன்னால் மவுண்ட் ஐசாவிலிருந்து ஒரு பையும் இரண்டு ஜோடி பூட்ஸுமாக ஏர் கிளப்பில் ஆட வந்த பெண், தங்க இடமில்லை என்றாள். எங்கள் வீட்டில் ஒரு அறை சும்மாதான் கிடக்கிறது என்று லொரெட்டா சொன்னாள். மறு வருடம் ரென்ஸோவோடு கல்யாணம். வேலியில் போன ஓணானை எடுத்து மடியில் விட்டுக்கொண்ட கதை என்று அவள் தன்னையே பல தடவை திட்டிக்கொண்டிருக்கிறாள். ஆனால் அந்தத் திட்டும் முழுதாக ஒட்டவில்லை. டெல்லா கெட்டவளாக இருந்திருந்தால் நிம்மதியாக வெறுத்திருக்கலாம். அவளோ சிரித்த முகம், பிறர் தட்டையும் சேர்த்துக் கழுவி வைக்கிற கை. எடுத்துக்கொண்டதை எல்லாம் கேட்காமலே எடுத்துக்கொண்டவள். கேட்காமலே அவளுக்குக் கிடைத்தது என்பதுதான் நிஜம்.

சட்டை போனதைக்கூடத் தாங்கியிருப்பாள். முப்பத்தொரு வயது, கால் கொஞ்சம் மந்தம், யாராவது வரத்தான் வேண்டும். தாங்க முடியாதது வேறொன்று. லொரெட்டாவின் அம்மா தெரேசா, மகள் ஆடப்போகும்போதெல்லாம் தன் ஜெபமாலையை எடுத்து அவள் பையின் பக்க உறையில் போட்டுவைப்பாள். இந்த வருடத்தின் முதல் ஆட்டத்துக்கு அது டெல்லாவின் பையில் இருந்தது. அம்மா அதை ஒளித்துச் செய்யவில்லை. வெயில் காலத்தில் மின்விசிறியை இந்தப் பக்கம் திருப்புவது மாதிரி, எங்கே தேவையோ அங்கே வைத்தாள்.

நியூ சவுத் வேல்ஸ் மாநிலத்தோடு வருடாவருடம் நடக்கும் மூன்று ஆட்டத் தொடரில் முதல் ஆட்டத்தைக் குவீன்ஸ்லாந்து ஜெயித்தது. இரண்டாவது ஆட்டத்தை நியூ சவுத் வேல்ஸ் சிட்னியில் வைத்துப் பறித்துக்கொண்டது. மூன்றாவது டவுன்ஸ்வில்லில். வடக்கே ரயில் தடம் ஓரத்து ஊர்களிலெல்லாம் அந்த வாரம் கரும்பைப் பற்றிப் பேசியவர்கள் குறைவு. இறைச்சிக் கடைக்காரர் கண்ணாடியில் கருஞ்சிவப்புக் கொடி ஒட்டினார். சிட்னியிலிருந்து மாற்றலாகி வந்திருந்த வங்கி மேலாளரின் மேசையில் யாரோ ஒரு ரப்பர் கரப்பான்பூச்சியை வைத்துவிட்டுப் போனார்கள். தெற்கத்திக்காரர்களுக்கு இவர்கள் வைத்த பேர் கரப்பான். அவர்கள் இவர்களுக்கு வைத்த பேர் தேரை.

முகாமில் குடும்பம்தானே என்று நினைத்து லொரெட்டாவையும் டெல்லாவையும் ஒரே அறையில் போட்டார்கள்.

செவ்வாய்க்கிழமை பயிற்சியில் அது நடந்தது. ஆட்டத்துக்கு இரண்டு நாள் இருந்தது. தற்காப்புப் பயிற்சியில் தாழ்ந்து போய் ஒருத்தியின் காலைப் பிடித்த டெல்லாவின் நெற்றிப்பொட்டில் அந்தப் பெண்ணின் முழங்கால் பட்டது. டெல்லா உடனே எழுந்துவிட்டாள். கையைத் தட்டிக்கொண்டு வரிசைக்குப் போனாள். ஆனால் எதிரணி வரிசைக்குப் போனாள். இரண்டு அடி வைத்தவள் சுதாரித்துத் திரும்பினாள். க்வென் அந்த நேரம் குறிப்பேட்டைப் பார்த்துக்கொண்டிருந்தாள். மருத்துவர் தண்ணீர்ப் பெட்டிப் பக்கம் யாருடைய கணுக்காலையோ கட்டிக்கொண்டிருந்தார். ஒரு நொடிகூட டெல்லாவை விட்டுக் கண்ணை எடுக்காத ஒரே ஆள் லொரெட்டா. பொறாமைக்காரியின் கண்ணுக்கு எதுவும் தப்பாது.

மாலையில் அறைக்கு வந்ததும் டெல்லா குளியலறையில் வாந்தி எடுத்தாள். திரைச்சீலையை மூடச் சொன்னாள். சாப்பாடு எத்தனை மணிக்கு என்று கேட்டாள். ஆறரை என்று லொரெட்டா சொன்னாள். சற்று நேரம் கழித்து மறுபடியும் கேட்டாள்.

"தலையில அடிதானே?" என்றாள் லொரெட்டா.

டெல்லா கண்ணை மூடிக்கொண்டே பேசினாள். "சின்ன அடி. சொல்லிட்டா பதினொரு நாள் மைதானம் கிடையாது, உனக்கே தெரியும். எங்கப்பா ஐசாவுல இருந்து தொள்ளாயிரம் கிலோமீட்டர் வண்டி ஓட்டிட்டு வர்றாரு, லொரி. யார்கிட்டயும் சொல்லாத. உன்னைத்தான் கேக்குறேன்."

லொரெட்டா சரி என்றாள்.

அந்தச் சரியை அவள் பாசத்தால் சொல்லவில்லை, பயத்தால் சொன்னாள். மருத்துவரிடம் போனால் அடுத்த கணமே சட்டை தன் கைக்கு வரும். ஆயிரம் பேர் ஆயிரம் விதமாகப் பேசுவார்கள், எல்லாம் பொறாமை என்ற ஒரே சொல்லில் வந்து நிற்கும். அந்தச் சொல் உண்மையும்கூட. அதனால்தான் வாயை மூடிக்கொண்டோம் என்று அவள் தனக்குச் சொல்லிக்கொண்டாள். ஆனால் படுக்கையில் கிடந்து டெல்லாவின் மூச்சைக் கேட்டுக்கொண்டிருந்தபோது அதற்கும் அடியில் இன்னொன்று நெளிந்தது. ஆடட்டுமே. இந்தத் தலையோடு இருபத்தைந்தாயிரம் பேர் முன்னால் போய் நிற்கட்டும். பந்தைத் தவறவிடட்டும். அம்மா பார்க்கட்டும். இந்த நினைப்பு வந்ததும் உடம்பு கூசிற்று. கூசியும் அதை அவள் விரட்டவில்லை. ஒரு மிட்டாயைப்போல நாக்கின் ஓரத்தில் ஒதுக்கி வைத்துக்கொண்டாள்.

புதன்கிழமை டெல்லா நன்றாகவே இருந்தாள், அல்லது நன்றாக நடித்தாள். பத்திரிகைக்காரர்கள் வந்தபோது நாத்தனாரும் அண்ணியும் ஒரே சட்டைக்குப் போட்டி போடுவது எப்படி இருக்கிறது என்று லொரெட்டாவைக் கேட்டார்கள். குவீன்ஸ்லாந்திலேயே சிறந்த ஒன்பது டெல்லாதான், அவள் ஆடுவதைப் பார்ப்பதே சந்தோஷம் என்று லொரெட்டா சொன்னாள். வாயில் சர்க்கரை, வயிற்றில் சுண்ணாம்பு. பக்கத்தில் நின்ற டெல்லா அவள் தோளில் கை போட்டாள். அந்தப் படம்தான் மறுநாள் பேப்பரில் வந்தது.

வியாழக்கிழமை மாலை அரங்கம் நிரம்பிக்கொண்டிருந்தது. உடைமாற்றும் அறையில் தைல நெடி. ஆட்டத்துக்கு முக்கால் மணி நேரம் இருந்தபோது உடம்பைச் சூடேற்ற எல்லோரும் வெளியே போனார்கள். டெல்லா கீழிருந்து பந்தை எடுத்து வீச, லொரெட்டா எதிரே நின்று பிடித்துக்கொடுத்தாள். முதல் நான்கு வீச்சு அம்பு மாதிரி வந்தது. ஐந்தாவது ஒரு கஜம் தள்ளிப் போயிற்று. ஆறாவது பந்தை டெல்லா எடுக்கவே இல்லை. பந்து கிடந்த இடத்துக்கு ஒரு சாண் இடப்பக்கமாகப் புல்லை வழித்தாள். பிறகு நிமிர்ந்து, மின்விளக்குக் கோபுரத்தைப் பார்த்துக் கண்ணைச் சுருக்கிக்கொண்டு, வெறும் கையோடு நின்றாள்.

அந்தக் கண்ணைப் பார்த்ததும் நாக்கோரத்தில் இருந்த மிட்டாய் கசந்தது. இது தோற்கப்போகிறவளின் கண் இல்லை. சாகக்கூடியவளின் கண்.

மைதானத்திலிருந்து உடைமாற்றும் அறைக்குப் போகும் சுரங்கவழியில் லொரெட்டா அவளை நிறுத்தினாள். டாக்டரிடம் சொல்லப்போகிறேன் என்றாள்.

டெல்லா ஒரு கையால் சுவரைப் பிடித்துக்கொண்டாள். "இப்ப போய்ச் சொன்னா நீ எதுக்குச் சொன்னேன்னு ஊருக்கே தெரிஞ்சுடும், லொரி."

"தெரியட்டும்."

"ஒரு வருஷமா இதுக்குத்தானே காத்திருந்தே."

"ஆமா," என்றாள் லொரெட்டா. "அதுக்காக நீ சாகணுமா?"

மருத்துவர் டெல்லாவை உட்காரவைத்துக் கேள்வி கேட்டார். ஐந்து சொல்லைச் சொல்லித் திருப்பிச் சொல்லச் சொன்னார், இரண்டுதான் வந்தது. ஒற்றைக் காலில் நிற்கச் சொன்னார், நிற்க முடியவில்லை. அவ்வளவுதான். க்வென் லொரெட்டாவைத் தனியே அழைத்தாள். கோபப்படவில்லை, அவசரமாக இருந்தாள்.

"எப்ப அடிபட்டுச்சு?"

"செவ்வாய்க்கிழமை."

"செவ்வாய்க்கிழமை பாத்தே. வியாழக்கிழமை சாயங்காலம் சொல்றே."

க்வென் ஒரு கணம் அவளைப் பார்த்தாள். "சரி. நீ ஆடுறே. மத்தது அப்புறம்," என்றாள்.

ஒன்பதாம் எண் சட்டையில் டெல்லாவின் பேர் தைத்திருந்தது. லொரெட்டா தன் பதினெட்டைப் போட்டுக்கொண்டே மைதானத்துக்குள் ஓடினாள்.

முதல் பத்து நிமிடம் ஆட்டத்தின் வேகம் பிடிபடவில்லை. பிறகு உடம்பு பழைய வேலையை ஞாபகப்படுத்திக்கொண்டது. எதிரணியின் முன்வரிசைக்காரி ப்ரான்வின் டஃபி, மலை மாதிரி ஆள், லொரெட்டாவை ஒரு முறை தரையோடு அழுத்தி வைத்துக்கொண்டு காதில் கேட்டாள், "ஏ தேரை, உன் அண்ணியை நீயே தள்ளிவிட்டுட்டியாமே?" செய்தி அவ்வளவு வேகமாகப் பரவியிருந்தது. "எழுந்திருடி கரப்பான், நீ பாட்டுக்கு என் மேல தூங்குறே," என்று லொரெட்டா சொன்னாள்.

பாதி ஆட்டத்தில் நியூ சவுத் வேல்ஸ் பத்து, குவீன்ஸ்லாந்து எட்டு. இரண்டாம் பாதியில் லொரெட்டா இடப்பக்கம் பார்த்துக்கொண்டே வலப்பக்கம் வீசிய ஒரு பந்தைக் குவீன்ஸ்லாந்து எதிரணியின் எல்லைக்கோட்டுக்கு அப்பால் ஊன்றிப் புள்ளி எடுத்தது. பதினான்குக்குப் பத்து. அரங்கம் எழுந்து நின்றது. அவள் பேரை யாரோ கத்தினார்கள். அந்த ஐந்து நிமிடம் அவள் யாரையும் நினைக்கவில்லை, யாரையும் பார்த்துப் பொறாமைப்படவில்லை. அதுபோல ஐந்து நிமிடம் அவளுக்கு ஒரு வருடமாக வாய்த்ததில்லை.

பிறகு நியூ சவுத் வேல்ஸ் திருப்பிக் கொடுத்தது. பதினாறுக்குப் பதினான்கு. அவர்கள் முன்னால்.

கடைசி நிமிடம். குவீன்ஸ்லாந்துக்காரிகள் எதிராளியின் கோட்டுக்கு மூன்று மீட்டர் முன்னால் இருந்தார்கள். மிஞ்சியிருந்தது ஒரே ஒரு வாய்ப்பு. லொரெட்டா பந்தின் மேல் குனிந்தபோது வலது ஓரத்தில் சக ஆட்டக்காரி அஷ்லின் மோக்கோ தன்னந்தனியாக நின்று கையைத் தூக்கிக் கத்துவது கேட்டது. கேட்டது மட்டுமில்லை, பார்க்கவும் பார்த்தாள். நீளமாக ஒரு வீச்சு, முடிந்தது காரியம். ஆனால் குனிந்த அந்தக் கணத்தில் மைதான ஓரமும் அவள் கண்ணில் பட்டது. அங்கே டெல்லா தோளில் கம்பளியைப் போர்த்திக்கொண்டு நாற்காலியில் உட்கார்ந்திருந்தாள்.

இந்த இடத்தில் டெல்லா என்ன செய்வாள் என்று ஊருக்கே தெரியும். வீசமாட்டாள். எதிரே நிற்கும் இரண்டு பேரின் காலுக்கு நடுவே பாம்பாகப் புகுந்து, கையை நீட்டிப் பந்தைக் கோட்டில் ஊன்றிவிடுவாள். இரண்டு வருடமாகத் தொலைக்காட்சியில் திரும்பத் திரும்பக் காட்டுவது அதைத்தான்.

லொரெட்டா புகுந்தாள்.

தோள் நுழைந்தது, இடுப்பு நுழைந்தது. கையை நீட்டினாள். ப்ரான்வின் டஃபியின் கை அவளுடைய மணிக்கட்டின் மேல் வந்து விழுந்தது. பந்து கோட்டுக்கு ஒரு விரற்கடை இந்தப் பக்கம் புல்லில் பட்டு நழுவி உருண்டது. ஆட்டம் முடிந்த சங்கு ஊதிவிட்டது.

தலை தூக்கிப் பார்த்தபோது நியூ சவுத் வேல்ஸின் நீலச் சட்டைகள் ஒன்றன் மேல் ஒன்று ஏறிக் குதித்துக்கொண்டிருந்தன. அஷ்லின் பக்கத்தில் வந்து கை கொடுத்துத் தூக்கிவிட்டாள்.

"நான் தனியா நின்னேன், லொரி."

"பாத்தேன்," என்றாள் லொரெட்டா. அதைவிட மோசமான பதில் இல்லை என்று சொன்ன பிறகுதான் உறைத்தது.

டெல்லாவை அன்றே ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார்கள். கிளம்பும்போது ரென்ஸோ அரங்கத்தின் வாசலில் தங்கையை மறித்தான். நீ சொன்னதற்காகக் கோபமில்லை என்றான். அவள் பக்கத்துக் கட்டிலில் இரண்டு ராத்திரி படுத்துக்கொண்டு சொல்லாமல் இருந்தாயே, அதற்குத்தான் என்றான். அம்மா லொரெட்டாவின் முழங்கையில் வழிந்த ரத்தத்தைக் கைக்குட்டையால் துடைத்துவிட்டு, மருமகளை ஏற்றிய வண்டியில் ஏறிக்கொண்டாள்.

மூளைக்குள் ரத்தக்கசிவு இல்லை என்றார்கள். ஆனால் தலைவலி செப்டம்பர் வரை விடவில்லை. அத்தனை நாளும் டெல்லா இருட்டறையில் கிடந்தாள். ஊர் இரண்டாகப் பிரிந்து பேசிற்று. சட்டைக்காகக் காட்டிக்கொடுத்தாள் என்றது ஒரு பாதி. சட்டைக்காகச் சரியான நேரம்வரை காத்திருந்தாள் என்றது மறு பாதி. இரண்டு பாதியும் பந்தை வீசாததற்காகச் சேர்ந்து திட்டின. ஆலையில் சக ஓட்டுநர் ஒருவன் அவள் எஞ்சினைக் கடக்கும்போதெல்லாம் ஒரே நக்கலை விடாமல் அடித்தான். "சிவப்பு விளக்கைப் பாத்தியா லொரி? இல்ல, அதையும் ரெண்டு நாள் கழிச்சுத்தான் சொல்லுவியா?" முதல் வாரம் அழுகை வந்தது. மூன்றாவது வாரம் அவளுக்கே சிரிப்பு வந்தது. லொரெட்டா அம்மாவின் வீட்டை விட்டு வெளியேறி, பக்கத்து ஊரான ஹோம் ஹில்லில் ஒரு சின்ன வீட்டை வாடகைக்கு எடுத்துக்கொண்டாள். ரென்ஸோ போனை எடுப்பதில்லை.

செப்டம்பர் கடைசியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை டெல்லா தானே வந்தாள். கறுப்புக் கண்ணாடி போட்டிருந்தாள். கையில் ரென்ஸோ பிடித்த பாரமுண்டி மீன் ஒன்று. அவனுக்குத் தெரியாமல் எடுத்துவந்தேன் என்று சொல்லிச் சமையலறைத் தொட்டியில் வைத்தாள். லொரெட்டா கத்தியை எடுத்துச் செதிலைச் சுரண்டத் தொடங்கினாள். கைக்கு ஒரு வேலை இருந்தது நல்லதாகப் போயிற்று.

சொல்ல வேண்டியதைச் சுற்றி வளைக்காமல் சொல்லிவிட்டாள். "நீ உள்ள போய் அசிங்கப்படணும்னு நெனச்சேன், டெல்லா. ரெண்டு நாளும் அதைத்தான் நெனச்சுட்டிருந்தேன். அதான் சொல்லல."

டெல்லா கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்தாள். மெலிந்திருந்தாள். "உன் எடத்துல நான் இருந்திருந்தா செவ்வாய்க்கிழமையே சொல்லியிருப்பேன்."

"நல்லவதான் நீ."

"நல்லவளா? சட்டைக்காகச் சொல்லியிருப்பேன். நீ வாந்தி எடுத்து முடிக்கறதுக்குள்ள டாக்டர் கதவைத் தட்டியிருப்பேன்." டெல்லா சிரித்தாள். சிரித்தது தலையில் வலித்தது போலும், நெற்றியைப் பிடித்துக்கொண்டாள். "அப்படித்தான் ஒண்ணொண்ணா எடுத்துக்கிட்டேன். நீதான் வாசல்லயே நின்னுட்டே."

லொரெட்டா மீனைப் புரட்டிப் போட்டாள். அவள் சொன்னது சரி என்று பட்டது. தான் இரண்டு நாள் தனக்குள்ளேயே புழுங்கித் தவித்த ஒன்றை இவள் ஒரே மூச்சில், கொஞ்சமும் கூசாமல் சொல்லிவிட்டாளே என்று அதைக் கண்டும் பொறாமையாக இருந்தது.

சாப்பிட்டுப் போகச் சொன்னாள். டெல்லா சரி என்று எழுந்து, உருளைக்கிழங்கை எங்கே வைத்திருக்கிறாய் என்று கேட்டு, தானே தேடி எடுத்து, தோலைச் சீவ உட்கார்ந்தாள். சீவிக்கொண்டே, அடுத்த மாதத்திலிருந்து ஓடலாம் என்று டாக்டர் சொல்லிவிட்டார் என்றாள்.

நல்லது என்றாள் லொரெட்டா. மனதாரத்தான் சொன்னாள். சொல்லி முடிப்பதற்குள் அந்தப் பழைய எரிச்சல் எழுந்தது. அது அவளுக்கு ஆச்சரியமாக இல்லை. அடுத்த வருடம் தனக்கு முப்பத்திரண்டு, இவளுக்கு இருபத்தெட்டு என்று மனம் கணக்குப் போட்டது. அது போட்டுக்கொண்டே இருக்கட்டும் என்று விட்டுவிட்டு, மீனுக்கு உப்பைத் தடவினாள்.